ஹூவே நகரில் அம்மாவைத் தொலைத்த காலை

போன வருடம் ஈஸ்டர் விடுமுறையை ஒட்டி நடந்தது இது. இடம், வியட்நாமின் பழைய அரச நகரமான ஹூவே. நாங்கள் வசிப்பது பேர்லினில், நொய்கெல்ன் பகுதியில். நகரப் பேருந்து ஓட்டுவது என் வேலை. அம்மா முப்பது வருடத்துக்கு மேல் அலுவலகங்களில் துப்புரவு வேலை செய்துவிட்டு, அதற்கு முந்தின குளிர்காலத்தில்தான் ஓய்வு பெற்றிருந்தார்.

ஓய்வு பெற்ற கையோடு என்னிடம் ஒன்று கேட்டார். "எங்கையாவது வெக்கையான இடத்துக்குப் போவம் பிள்ளை. தென்னை நிக்கவேணும், வயல் இருக்கவேணும். ஆனா சொந்தக்காரர் ஒருத்தரும் இருக்கக்கூடாது."

யாழ்ப்பாணம் போனால் வீடு வீடாக ஏறி, இல்லாமல் போனவர்களை நினைத்து அழவேண்டும். அதற்குத் தனக்குத் தெம்பில்லை என்றார். எனக்குச் சிரிப்பும் வந்தது, கொஞ்சம் துக்கமும் வந்தது. தேடிப் பார்த்து வியட்நாமைப் பிடித்தோம்.

நான் இயல்பிலேயே பயந்த சுபாவம். பேருந்தில் கதவை மூடுவதற்கு முன் கண்ணாடியை ஒருமுறைக்கு மூன்றுமுறை பார்க்கிற ஆள். அம்மாவுக்குச் சீனி வருத்தம் வந்து இன்சுலின் ஊசி தொடங்கிய பிறகு அந்தப் பயம் இரட்டிப்பாகிவிட்டது. பயணத்தில் அம்மாவின் கடவுச்சீட்டு, போன், சீனி பார்க்கிற கருவி, திடீரென்று சீனி இறங்கினால் வாயில் போடுகிற குளுக்கோஸ் வில்லைகள், ஹோட்டல் முகவரி எழுதிய அட்டை எல்லாவற்றையும் என் தோள்பையிலேயே வைத்திருந்தேன். எல்லாம் என் கையில் இருந்தால்தான் எனக்கு நிம்மதி.

ஹூவேயில் இரண்டாம் நாள், ஹோட்டல் வாசலில் மின்சார ஸ்கூட்டர்கள் வரிசையாக நின்றன. வழிகாட்டி ஒருவர் முன்னால் போக, பயணிகள் தாங்களே ஸ்கூட்டர் ஓட்டிக்கொண்டு பழைய கோட்டை, கோயில், ஆற்றங்கரை எல்லாம் பார்க்கிற சுற்றுலா. நான் அதைக் கடந்து போகத்தான் நினைத்தேன். அம்மா நின்றுவிட்டார்.

"உதில போவம்."

"அம்மா, உங்களுக்கு அறுபத்தேழு வயசு."

"ஊரில சண்டை நேரம் மண்ணெண்ணெயில மொப்பெட் ஓடினனான். உன்னையும் முன்னால வைச்சுக்கொண்டு ஓடினனான். உது என்ன, விளையாட்டுச் சாமான்."

வழிகாட்டிக்கு முப்பது வயது இருக்கும். சிரித்த முகம், நல்ல ஆங்கிலம். அம்மாவை ஹோட்டல் முற்றத்தில் ஒரு சுற்று ஓடவிட்டுப் பார்த்தார். அம்மா வளைவெடுத்துத் திரும்பி வந்து, என் காலடியில் அழகாக நிறுத்தினார். என்னைவிட நன்றாக ஓட்டுகிறார் என்று அவர் சொன்னதில் பொய் எதுவும் இல்லை. அடுத்த நாள் காலைக்குப் பதிவுசெய்தோம்.

அடுத்த நாள் வெள்ளிக்கிழமை. அம்மா வெள்ளியில் மச்சம், அதாவது மீன் இறைச்சி, தொடமாட்டார். காலைச் சாப்பாட்டு மேசையில் இருந்த எல்லாவற்றிலும் மீன் வாசம். நான் தலைக்கவசம் அளவு பார்க்கப் போய்விட்டு வந்து, "சாப்பிட்டனீங்களோ?" என்று கேட்டேன். "ஓம் ஓம், சாப்பிட்டனான்" என்றார். வழக்கம்போல ஊசியும் போட்டுக்கொண்டாராம். அவர் சாப்பிட்டது ஒரேயொரு வாழைப்பழம் என்பது எனக்குப் பிறகுதான் தெரிந்தது.

எங்களோடு ஹொலண்டிலிருந்து வந்த ஒரு கணவன் மனைவியும் சேர்ந்துகொண்டார்கள். எல்லோருக்கும் மஞ்சள் தலைக்கவசம். வழிகாட்டி முன்னால், அடுத்து அவர்கள் இருவரும், பிறகு அம்மா, கடைசியில் நான். அம்மாவின் முதுகைப் பார்த்துக்கொண்டே வரலாம் என்று நானேதான் அந்த இடத்தைக் கேட்டு வாங்கினேன்.

அந்த ஸ்கூட்டர்களுக்குச் சத்தமே இல்லை. தெரு மரங்களுக்குக் கீழே வழுக்கிக்கொண்டு போவதுபோல இருந்தது. பாலத்தில் ஏறியபோது ஆற்றுக் காற்று முகத்தில் அடித்தது. அம்மா ஒருமுறை திரும்பிப் பார்த்துச் சிரித்தார். "முன்னால பாத்து ஓடுங்கோ அம்மா!" என்று கத்தினேன். அந்தச் சிரிப்பை நான் அனுபவிக்கவே இல்லை. எந்தச் சந்தியில் எந்த மோட்டார் சைக்கிள் வந்து இடிக்குமோ என்றே பார்த்துக்கொண்டு வந்தேன்.

கோட்டை என்றால் ஒரு கட்டடம் அல்ல. அகழி சூழ்ந்த பெரிய மதில், அதற்குள்ளே வீடுகள், பள்ளிக்கூடங்கள், கடைகள், குளங்கள் என்று ஒரு ஊரே இருக்கிறது. மதிலில் அங்கங்கே வாசல்கள். ஒவ்வொன்றும் குகை மாதிரி ஒடுக்கம். ஒரு நேரத்தில் ஒரு கார்தான் போகலாம். கோட்டைக்குள் சுற்றிவிட்டு, வேறொரு வாசலால் வெளியே போகிற நேரத்தில் எதிரே பூச்சட்டிகள் அடுக்கிய ஒரு சின்ன லொறி வந்து எனக்கு முன்னால் முட்டிக்கொண்டு நின்றது. அம்மா அதற்கு முன்பே வாசலைக் கடந்துவிட்டார். லொறிக்காரர் பின்னுக்கும் போகவில்லை, முன்னுக்கும் வரவில்லை. எனக்குப் பின்னால் மோட்டார் சைக்கிள்கள் ஹோர்ன் அடித்தன.

ஒருவழியாக நெளிந்து வெளியே வந்தபோது, வழிகாட்டியும் ஹொலண்ட் தம்பதியும் அகழிப் பாலத்துக்கு அப்பால் மரநிழலில் காத்துக்கொண்டு நின்றார்கள். மூன்று மஞ்சள் தலைகள். நான்காவது இல்லை.

"அம்மா எங்கே?" என்று கேட்டேன்.

"உங்களோடு வரவில்லையா?" என்று கேட்டார் வழிகாட்டி.

நான் திரும்பி வாசலைப் பார்த்தேன்.

ஹொலண்ட் பெண்மணிதான் சொன்னார், அதே நேரம் இன்னொரு ஸ்கூட்டர்க் கூட்டம் வாசலால் வந்து இடப்பக்கம் திரும்பியது, அவர்களுக்கும் மஞ்சள் தலைக்கவசம் என்று. அம்மா அவர்களுக்குப் பின்னால் போயிருக்கவேண்டும். வழிகாட்டி எங்களை அங்கேயே நிற்கச் சொல்லிவிட்டு அந்தப் பக்கம் பறந்தார்.

நான் அம்மாவுக்குப் போன் எடுத்தேன். மணி என் பைக்குள்ளேயே அடித்தது.

எத்தனையோ முறை கேட்ட மணிச்சத்தம் அது. அம்மா வைத்திருந்த முருகன் பாட்டு. அன்றைக்கு அந்தப் பாட்டு என் விலாப் பக்கத்தில் அதிரும்போதுதான் நான் செய்து வைத்திருந்தது எனக்கு விளங்கியது. அம்மாவிடம் போன் இல்லை. முகவரி இல்லை. ஹோட்டல் பெயர் அவர் வாயில் நுழையாது. கடவுச்சீட்டு இல்லை. ஒரு துண்டு குளுக்கோஸ்கூட இல்லை. ஒன்றும் தொலையக்கூடாது என்று எல்லாவற்றையும் நானே தூக்கி வைத்துக்கொண்டு, அம்மாவை வெறுங்கையோடு விட்டிருக்கிறேன்.

வழிகாட்டி தனியாகத் திரும்பி வந்தார். மற்றக் கூட்டத்தைக் கண்டுபிடித்துவிட்டார். ஒரு பெண் சிறிது தூரம் தங்களோடு வந்ததாகவும், பிறகு ஆட்களின் முகத்தைப் பார்த்துவிட்டு எங்கேயோ திரும்பிப் போய்விட்டதாகவும் அவர்கள் சொன்னார்களாம். எந்தச் சந்தியில் என்று யாருக்கும் தெரியவில்லை.

மழை தொடங்கியது. தூறலாக இல்லை, வாளியால் ஊற்றினமாதிரி. ஹொலண்ட் தம்பதி பாவம், நாங்களும் தேடுகிறோம் என்று எதிர்த் திசையில் போனார்கள். நான் என் ஸ்கூட்டரை அங்கேயே விட்டுவிட்டு வழிகாட்டியின் பின்னால் ஏறிக்கொண்டேன். அகழிக் கரையோரமாக, ஒவ்வொரு வாசலாக, ஒவ்வொரு சந்து ஒழுங்கையாகப் போனோம். அவர் கடைக்காரர்களிடம் நின்று நின்று கேட்டார். கேள்வி எனக்கு விளங்காது. அவர்கள் இல்லை என்று தலையாட்டுவது மட்டும் விளங்கும்.

ஓரிடத்தில் அகழித் தண்ணீரில் தாமரை இலைகளுக்கு நடுவே மஞ்சளாக ஏதோ மிதந்தது. நான் கத்தியதில் வழிகாட்டி ஸ்கூட்டரோடு விழப்பார்த்தார். இறங்கி ஓடிப் போய்ப் பார்த்தேன். பழைய எண்ணெய்க் கலன். மழையில் நின்றபடி அந்தக் கலனையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

அப்போதுதான் அவரிடம் சொன்னேன். "அம்மாவுக்குச் சீனி வருத்தம் இருக்கிறது. காலையில் இன்சுலின் போட்டிருக்கிறார். இப்போது ஏதாவது சாப்பிடவேண்டிய நேரம் தாண்டிவிட்டது. மயங்கி விழுந்தால் எழும்பமாட்டார்."

அதுவரை எனக்கு ஆறுதல் சொல்லிக்கொண்டிருந்த மனிதர் ஸ்கூட்டரை விட்டு இறங்கி வந்தார். மழைக்கோட்டைக் கழற்றி என் மேல் போட்டார். போனை எடுத்துத் தன் கூட்டாளிகள் எல்லோருக்கும் அழைக்கத் தொடங்கினார். எண்களைத் தவறாக அழுத்தி, அழித்து, மறுபடி அழுத்துவதைப் பார்த்தேன். அது எனக்கு இன்னும் பயத்தைத்தான் தந்தது.

பொலிசுக்குப் போவோம் என்று முடிவெடுத்துத் திரும்பினபோது அவருடைய போன் அடித்தது. தெரியாத எண். எடுத்துக் கேட்டார். புருவத்தைச் சுருக்கினார். ஏதோ கேட்டார், பிறகு போனை என்னிடம் நீட்டினார். "மகளைக் கொடு என்று மட்டும் எங்கள் மொழியில் சொன்னார். பிறகு பேசுவது என்ன மொழி என்று எனக்கு விளங்கவில்லை."

நான் காதில் வைத்தேன். மழைச் சத்தத்துக்கு நடுவே ஒரு பெண் குரல், ஜெர்மன் மொழியில், ஒவ்வொரு சொல்லாகச் சொன்னது.

"மகள்? அம்மா இங்கே. பயம் வேண்டாம். அம்மா சீனி குடித்தாச்சு."

பேர்லினிலிருந்து யாரோ பேசுகிறார்கள் என்றுதான் முதலில் நினைத்தேன். "அம்மாவைக் குடுங்கோ" என்று தமிழில் சொல்லிவிட்டு, பிறகு அதையே ஜெர்மனில் சொன்னேன். கொஞ்ச நேரம் ஏதோ உரசும் சத்தம். பிறகு அம்மாவின் குரல், நித்திரையிலிருந்து எழும்பினமாதிரி.

"பிள்ளை, நீ சாப்பிட்டியே?"

நான் நடுத்தெருவில் குந்தியிருந்து அழுதேன்.

ஆற்றை ஒட்டிய ஒரு ஒழுங்கையில் இருந்தது அந்த இடம். வீட்டு முன்பக்கத்தையே கோப்பிக்கடையாக வைத்திருந்தார்கள். குட்டிக் குட்டி பிளாஸ்டிக் முக்காலிகள், மேலே தகரக் கூரை. உள்ளே ஒரு மடக்குக் கட்டிலில் அம்மா காலை நீட்டிப் படுத்திருந்தார். ஈரச்சேலைக்குப் பதிலாக யாருடையவோ பூப்போட்ட சட்டையும் காற்சட்டையும். பக்கத்தில் அம்மாவின் வயதை ஒத்த மெலிந்த பெண்மணி ஒருவர், அம்மாவின் உள்ளங்காலைத் தேய்த்துக்கொண்டிருந்தார்.

நான் முதலில் கருவியை எடுத்துச் சீனி பார்த்தேன். இறங்கியிருந்தது, ஆனால் ஆபத்தைத் தாண்டிவிட்டது. இரண்டாம் முறையும் பார்த்தேன். அதற்குப் பிறகுதான் அம்மாவைக் கட்டிப்பிடித்தேன்.

நடந்ததை அம்மா சொன்னார். தப்பான கூட்டத்தோடு போவது விளங்கியதும் திரும்பியிருக்கிறார். வாசல்கள் எல்லாம் ஒரே மாதிரி இருந்ததில் வழி குழம்பிவிட்டது. மழை வந்தது. வேர்த்தது, கண் இருண்டது, கை விறைத்தது. எங்கே நிற்கிறோம் என்று தெரியாமல் இந்தக் கடை வாசலில் ஸ்கூட்டரைச் சாய்த்துவிட்டு அப்படியே நிலத்தில் இருந்துவிட்டார்.

"சீனி, சீனி எண்டுதான் நினைச்சனான். வாயில 'ட்சுக்கர்' எண்டு வந்திட்டுது."

ட்சுக்கர் என்றால் ஜெர்மனில் சீனி. "ஏனம்மா டொச்சில சொன்னீங்கள்?" என்று கேட்டேன்.

"வெளியாக்களோட கதைக்கிறதெண்டா வாயில டொச் தானே வரும்" என்றார், வேறெப்படி இருக்க முடியும் என்பதுபோல.

அந்தப் பெண்மணி உள்ளே காய் நறுக்கிக்கொண்டிருந்தாராம். யாரோ குடித்துவிட்டு விழுந்துகிடக்கிறார்கள் என்று பக்கத்துக் கடைக்காரர்கள் விலகி நின்றிருக்கிறார்கள். அவருக்கு மட்டும் மழைக்குள்ளால் அந்தச் சொல் கேட்டிருக்கிறது. இளம் வயதில், ஜெர்மனி இரண்டாக இருந்த காலத்தில், கிழக்கு ஜெர்மனிக்கு ஒப்பந்த வேலைக்குப் போனவர் அவர். ஒரு தையல் தொழிற்சாலையில் வேலை. பேர்லின் மதில் விழுந்ததும் தொழிற்சாலையை மூடித் திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

"கட்டில் விரிப்பு" என்றார் என்னிடம், தைப்பதுபோல விரலை ஓட்டிக் காட்டி. "நாள் முழுக்க. விரிப்பு, விரிப்பு, விரிப்பு." அவருடைய ஜெர்மனில் சாக்சனி மாநிலத்து இழுவை இருந்தது. என்னோடு வேலை செய்கிற சாரதி ஒருவர் பேசுகிற அதே இழுவை.

ஓடிவந்து அம்மாவின் தலையைத் தூக்கி, "சீனி வருத்தமா?" என்று அதே மொழியில் கேட்டிருக்கிறார். அவருடைய கணவருக்கும் இதே வருத்தம் இருந்ததாம். கோப்பிக்கு விடுகிற கட்டிப்பாலைக் கரண்டி கரண்டியாக வாயில் வைத்திருக்கிறார். அம்மாவுக்கு அறிவு தெளிந்த பிறகு, தலைக்கவசத்தில் ஒட்டியிருந்த கம்பனி எண்ணுக்கு அழைத்து, அங்கிருந்து வழிகாட்டியின் எண்ணை வாங்கியிருக்கிறார்.

எனக்கு அவர் கையைப் பிடித்து நன்றி சொல்லத்தான் ஆசை. அவர் விடவில்லை. என் தோளிலிருந்த பையைத் தட்டினார். "இது என்ன?"

"அம்மாவின் சாமான்."

"அம்மாவின் சாமான் மகளிடம். அம்மாவிடம் ஒன்றுமில்லை." கண்ணை உருட்டி என்னைப் பார்த்தார். "முட்டாள்!"

அம்மா படுத்தபடியே குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். வாசல்படியில் தலையைப் பிடித்துக்கொண்டு இருந்த வழிகாட்டி, எதற்குச் சிரிக்கிறார்கள் என்று தெரியாமலே தானும் சிரித்தார். அந்தக் காலையில் அவர் முகத்தில் மறுபடி இரத்தம் ஓடியது அப்போதுதான்.

மழை விடும்வரை அங்கேயே இருந்தோம். அந்தப் பெண்மணி சோறும் டோஃபுவும் கீரையும் சமைத்துப் போட்டார். வெள்ளிக்கிழமை மச்சம் இல்லை என்று அம்மா தன் உடைந்த ஜெர்மனில் விளக்க, தானும் பௌர்ணமிக்கு மச்சம் தொடுவதில்லை என்று அவர் தன் உடைந்த ஜெர்மனில் சொன்னார். இருவருடைய வாக்கியத்திலும் இலக்கணம் மருந்துக்கும் இல்லை. ஆனால் ஒரு இடத்திலும் தடக்கவில்லை. நான் குறுக்கிட்டு மொழிபெயர்க்கப் போனால் இரண்டு பேரும் என்னை எரிச்சலாகப் பார்த்தார்கள்.

நாங்கள் புறப்படும்போது அந்தப் பெண்மணி ஒன்று மட்டும் கேட்டார். தான் வேலை செய்த ஊரின் பெயரைச் சொல்லி, அங்கே புகையிரத நிலையத்துக்குப் பின்னால் தாங்கள் தங்கியிருந்த விடுதி இன்னும் நிற்கிறதா என்று பார்க்க முடியுமா என்றார்.

பேர்லின் திரும்பி இரண்டு மாதம் கழித்துப் போனோம். சாக்சனியில் ஒரு சின்ன ஊர். உண்மையைச் சொன்னால், எனக்கு அங்கே போகவும் பயம்தான். எங்களைப்போல நிறம் கொண்டவர்கள் அதிகம் இல்லாத இடம். செய்திகளில் வாசிப்பதெல்லாம் மனதில் ஓடியது. நிலையத்தில் இறங்கியவர்கள் நாங்கள் இரண்டு பேர்தான். எதிரேயிருந்த பஸ் தரிப்பிடத்தில் நின்ற சிலர் எங்களையே பார்த்தார்கள். "கெதியா பாத்திட்டு அடுத்த ட்ரெயினைப் பிடிப்பம் அம்மா" என்றேன். அம்மா காதில் வாங்கவில்லை.

விடுதி நின்றது. நாலு மாடி, யன்னல்கள் பலகை அடித்து மூடியிருந்தன. அம்மா தன் போனில் வீடியோ அழைப்பெடுத்து, அதைக் கட்டடத்துக்கு முன்னால் உயர்த்திப் பிடித்தார். ஹூவேயில் அந்தப் பெண்மணி கடையைச் சாத்திக்கொண்டிருந்த நேரம். படத்தைப் பார்த்ததும் முகத்தைத் திரைக்குக் கிட்டே கொண்டுவந்தார். பிறகு, "மேலே. இன்னும் மேலே. அந்த மூலை யன்னல்" என்றார்.

அப்போது பின்னால் காலடிச் சத்தம் கேட்டது. பஸ் தரிப்பிடத்தில் நின்றவர்களில் வயதான ஒருவர் தெருவைக் கடந்து எங்களை நோக்கி வந்துகொண்டிருந்தார். நான் அம்மாவுக்கு முன்னால் போய் நின்றுகொண்டேன்.

"என்ன படம் எடுக்கிறீர்கள்?" என்று கேட்டார். குரலில் சிநேகமும் இல்லை, கோபமும் இல்லை.

நான் பதில் தேடுவதற்குள் அம்மா என் தோளுக்கு மேலால் போனை நீட்டினார். "சிநேகிதி. இங்கே இருந்தது. முன்பு."

திரையிலிருந்து ஹூவேப் பெண்மணி, அந்த ஊர் இழுவையோடு, வணக்கம் சொன்னார்.

முதியவர் கண்ணாடியைத் தலைக்கு உயர்த்தி, போனைக் கிட்டே இழுத்துப் பார்த்தார். முகம் மெல்ல மெல்ல மாறியது. "வியட்நாம் பெண் பிள்ளைகள்!" என்றார். "என் முதல் ஜீன்சை இந்த வீட்டில்தான் தைத்தார்கள். கடையில் கிடைக்காத காலம். வேலை முடிந்து வந்து இரவில் தைத்துத் தருவார்கள். மூலை அறையில், பின்னல் நீளமான ஒருத்தி..."

"மூலை அறையில் நாலு பேர்" என்றது போன். "நாலு பேருக்கும் நீளப் பின்னல்."

அவர் சிரித்தார். நாங்களும் சிரித்தோம். அவருடைய பஸ் வந்து நின்றது. சாரதி ஹோர்ன் அடித்தும் அவர் போகவில்லை. எந்தத் தெருவில் எந்தக் கடை இருந்தது, எது மூடிவிட்டது என்று சொல்லிக்கொண்டே அம்மாவுடைய போனைத் தானே வாங்கிப் பிடித்து, அந்தப் பெண்மணிக்கு ஊரைச் சுற்றிக்காட்டத் தொடங்கிவிட்டார். அம்மா அவருக்குப் பக்கத்தில் நடந்தார். நான் இருவருக்கும் பின்னால் நடந்தேன். அடுத்த ட்ரெயின் எத்தனை மணிக்கு என்று இன்னும் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன்.

நான் இன்றைக்கும் பயந்தவள்தான், அது என்னை விட்டுப் போகப்போவதில்லை. ஆனால் முன்பெல்லாம் என் அம்மாவுக்கு நடக்கக்கூடிய கெட்டதை மட்டும் கற்பனை செய்து வைத்திருந்த எனக்கு, காய் நறுக்குகிற கத்தியை அப்படியே போட்டுவிட்டு மழைக்குள் ஓடிவருகிற ஒருத்தியையும் இப்போது அதோடு சேர்த்துக் கற்பனை செய்ய முடிகிறது.